களப்பலியும் மணக்கோலமும்: அரவான், இஃபிஜீனியா தொன்மங்கள் குறித்த ஒப்பீட்டுத் திறனாய்வு

ஆய்வுச்சுருக்கம்

போர் தொடங்கும் முன் தன் பக்கத்து இளம் உயிர் ஒன்றைத் தெய்வத்திற்குப் பலியிடும் கதை கிரேக்கத் தொன்மத்திலும் தமிழ்ப் பாரத மரபிலும் உள்ளது. இரண்டையும் ‘தியாகம்’ என்ற ஒரே சொல்லில் அடக்கும் ஒப்பாய்வுப் போக்கு, இரு கதைகளிலும் திருமணம் வகிக்கும் நேரெதிரான இடத்தைக் காணத் தவறுகிறது என்பதை இக்கட்டுரை எடுத்துரைக்கிறது.

திறவுச்சொற்கள்: அரவான், இஃபிஜீனியா, களப்பலி, தெருக்கூத்து, உலூபி, கிளைடெம்னெஸ்ட்ரா

உத்திரமேரூரும் ஏதென்ஸும்

உத்திரமேரூரைக் கிரேக்கத்தோடு சேர்த்துப் பேசுவது தமிழாய்வில் புதிதன்று. அங்குள்ள வைகுந்தப் பெருமாள் கோயிலின் முதற் பராந்தகன் காலக் கல்வெட்டுகள் (கி.பி. 919, 921) முப்பது குடும்புகளிலிருந்து குடவோலை வழியே வாரிய உறுப்பினரைத் தேர்ந்த முறையை விரிவாகக் கூறுகின்றன. ஏதென்ஸ் நகரத்தார் சீட்டெடுத்துப் பதவியாளரைத் தேர்ந்த முறையோடு இதனை ஒப்பிடுவது மேடைப் பேச்சு வரை பரவிவிட்டது. ஆனால் அதே ஏதென்ஸில், தயொனைசஸ் விழாவில் அரங்கேறிய துன்பியல் நாடகங்களுக்குப் பரிசளிக்கும் நடுவர்களும் பத்துக் குடங்களிலிருந்து பெயர் எடுத்தே தேர்ந்தெடுக்கப்பட்டனர் என்பது அவ்வளவாகக் கவனம் பெறவில்லை. அங்கே குடவோலை ஆட்சிக்கு மட்டுமின்றிக் கூத்துக்கும் உரியதாக இருந்தது. ஒப்பீட்டை ஆட்சிமுறையோடு நிறுத்திக்கொண்டவர்கள் கூத்தின் பக்கம் திரும்பாதது ஓர் இழப்பே.

உத்திரமேரூரை உள்ளிட்ட காஞ்சிபுரம், செய்யாறு வட்டாரம் பாரதக் கூத்தின் வளமான நிலம். திரௌபதியம்மன் கோயில்களின் அக்கினி வசந்த விழாவில் பகலில் வில்லிபாரதச் சொற்பொழிவும் இரவில் தெருக்கூத்தும் நிகழும். இறுதியில் மண்ணால் படுத்த நிலையில் செய்த துரியோதனன் உருவத்தின் மேல் படுகளம் நடக்கும், அதன்பின் தீமிதி. தொன்மம் இங்கே ஏட்டில் உறங்குவதில்லை. தெய்வத்தின் முன்னிலையில், ஊரார் கூடியிருக்க, ஆண்டின் குறித்த பருவத்தில் நிகழ்த்தப்படுகிறது. ஏதென்ஸின் துன்பியல் நாடகமும் இத்தகைய வழிபாட்டு நிகழ்வாகவே இருந்தது. இரு மரபுகளையும் அருகருகே வைக்கும் உரிமை இந்தப் பொதுத்தன்மையிலிருந்தே பிறக்கிறது. பெயரொலி ஒற்றுமைகளிலிருந்து அன்று.

இரு பலிகள்

டிராய் நகர் நோக்கிப் புறப்பட்ட கிரேக்கக் கப்பற்படை காற்று வாய்க்காமல் ஆலிஸ் துறையில் தங்கிவிடுகிறது. ஆர்ட்டெமிஸ் தெய்வத்தின் சினமே காரணம் என்றும், தலைவன் அகமெம்னன் தன் மகள் இஃபிஜீனியாவைப் பலியிட வேண்டும் என்றும் நிமித்திகன் கால்கஸ் உரைக்கிறான். தமிழ் மரபில் நிமித்திகனின் இடத்தில் சகாதேவன் நிற்கிறான்; ஆர்ட்டெமிஸின் இடத்தில் காளி; மகளின் இடத்தில் அருச்சுனனுக்கும் நாகமகள் உலூபிக்கும் பிறந்த அரவான். வடமொழிப் பாரதத்தில் அரவான் எட்டாம் நாள் போரில் அலம்புசன் என்னும் அரக்கனால் மடிகிறானேயன்றிப் பலியாவதில்லை. களப்பலி 9ஆம் நூற்றாண்டுப் பெருந்தேவனாரின் பாரத வெண்பா முதலே தமிழ்நிலத்தில் காணப்படுவது.

பட்டியல் இதுவரை அழகாகப் பொருந்துகிறது. பெரும்பாலான ஒப்பீடுகள் இவ்விடத்தில் மனநிறைவு கொண்டு, இருவரும் நாட்டுக்காக உவந்து உயிரீந்தனர் என்று முடித்துக்கொள்கின்றன. அந்த ‘உவந்து’ என்ற சொல்லே ஆராயத்தக்கது. ஈஸ்கிலஸ் கி.மு. 458இல் அரங்கேற்றிய நாடகத்தில் இஃபிஜீனியா வாய் கட்டப்பட்டவள். அவள் இசைவை எவரும் கேட்கவில்லை. யூரிபிடிஸ் மறைந்தபின் கி.மு. 405 அளவில் அரங்கேறிய நாடகத்தில் அவள் முதலில் தந்தையிடம் உயிருக்கு மன்றாடுகிறாள். படை முழுவதும் தன் சாவைக் கோருகிறது என்று அறிந்த பின்னரே இசைகிறாள். வேறு வழி எதுவும் எஞ்சாதபோது பிறக்கும் இசைவு அது. அரவானின் இசைவு இன்னும் சிக்கலானது. பெருந்தேவனார் வழிவரும் கதைமரபில் அவனை முதலில் கேட்பவன் பகைவனாகிய துரியோதனன், அரவானும் உடன்படுகிறான். பின்னரே கண்ணன் அமாவாசையை முன்தள்ளி அந்தப் பலியைப் பாண்டவர்க்கு ஆக்குகிறான். கேட்டவர் எவராயினும் கொடுப்பவனைத் தன் கட்சிக்காக உயிரீந்த வீரன் எனப் போற்றுவது, கதையைக் காட்டிலும் திறனாய்வாளரின் விருப்பத்தையே காட்டுகிறது. முப்பத்திரண்டு இலக்கணமும் பொருந்தியவர் கண்ணன், அருச்சுனன், அரவான் என மூவர் இருக்க, நாகமகளின் மகனே பலிபீடத்துக்கு உரியவனாவதும் அத்தகையோரின் கண்ணில் படுவதில்லை.

திருமணம் என்னும் திருப்பம்

இரு கதைகளும் உண்மையில் பிரியும் இடம் திருமணம். அக்கிலிஸுக்கு மணம் முடிப்பதாகப் பொய்யாக எழுதியே அகமெம்னன் மகளை ஆலிஸுக்கு வரவழைக்கிறான். யூரிபிடிஸின் நாடகத்தில் அக்கிலிஸுக்கே இது தெரியாது. மணக்கோலத்தை எதிர்பார்த்து வந்தவள் பலிக்கோலம் பூணுகிறாள். திருமணம் அங்கே தந்தை விரித்த வலை.

அரவான் கதையில் திருமணம் பலியாகுபவன் கேட்கும் வரம். இவ்வரம் தொடக்கத்திலிருந்தே இருந்ததன்று. பெருந்தேவனாரில் அவன் வேண்டுவது களத்தில் வீரமரணம். வில்லிபுத்தூராரில் சில நாள் போரைக் காணும் வாய்ப்பு. மணம் முடித்துச் சாகும் வேட்கை நாட்டார் மரபின் கொடை. நாளை மடிபவனுக்குப் பெண் கொடுப்பார் இல்லாமையால் கண்ணனே மோகினியாகி மனைவியாகிறான். வஞ்சகத்துக்குப் பேர்போன கண்ணன் இங்கு மட்டும் வாக்கை முழுமையாகக் காப்பது கூர்ந்து நோக்கத்தக்கது. இன்றைய கள்ளக்குறிச்சி மாவட்டத்துக் கூவாகத்தில் சித்திரைப் பருவத்தில் திருநங்கையர் கூத்தாண்டவருக்காகத் தாலி கட்டிக்கொண்டு, மறுநாள் அதனை அறுத்து, வெண்சேலை உடுத்திப் புலம்புவது இந்த மணத்தின் தொடர்ச்சியே.

துயரம் செல்லும் வழியும் இதனால் வேறாகிறது. இஃபிஜீனியாவின் தாய் கிளைடெம்னெஸ்ட்ரா பத்தாண்டு காத்திருந்து கணவனைக் கொல்கிறாள். மகன் ஒரெஸ்டெஸ் தாயைக் கொல்கிறான். ஒரு பலி மூன்று தலைமுறையின் பழைய பாவங்களோடு சேர்ந்து ஒரு குடியையே அழிக்கிறது. அரவானுக்கோ பழிவாங்க எவரும் இல்லை என்று கூறுவது வழக்கம். அது முழு உண்மையன்று. வடமொழிப் பாரதத்தின் அசுவமேதிக பருவத்தில் உலூபி, சித்திராங்கதையின் மகன் பப்புருவாகனனைத் தூண்டி அருச்சுனனோடு பொரவைக்கிறாள். மகனின் அம்பால் தந்தை வீழ்கிறான். கிளைடெம்னெஸ்ட்ராவாகத் தக்க பெண் காவியத்தின் கைக்கெட்டும் தூரத்தில் நிற்கிறாள். ஆனால் அவள் நாகமணியால் அவனை எழுப்புகிறாள். வீட்டுமனைக் கொன்ற பழியால் நேர்ந்த சாபத்தை நீக்கவே அவ்வாறு செய்ததாகவும் கூறுகிறாள். அங்கே மகன் அரவானின் சாவு கணக்கில் வைக்கப்படவில்லை. வில்லியின் பாரதம் பத்துப் பருவங்களோடு நின்றுவிடுவதால், அதனை ஆதாரமாகக் கொள்ளும் சொற்பொழிவில் உலூபி பேசுவதற்கு இந்த வாய்ப்பும் இல்லை.

எனவே தமிழ்க் கூத்து மரபில் பழிவாங்கும் உரிமை முழுவதும் திரௌபதியின் விரித்த கூந்தலுக்கே சேர்கிறது. படுகளத்தில் அக்கூந்தல் முடியப்படும்போது ஊரின் பெருங்கணக்கு ஒன்று தீர்கிறது. அரவானின் கணக்கு அந்த முடிப்பில் அடங்குவதில்லை. கொன்றவர் பகைவரல்லர், வென்ற பக்கத்தாரே. ஆகவே குருதிக்குக் குருதி கேட்கும் வழி அவனுக்கு அடைபட்டிருக்கிறது. எஞ்சியிருப்பது ஒப்பாரி. ஈஸ்கிலஸ் தம் முத்தொடரின் இறுதியில் ஒரெஸ்டெஸை நீதிமன்றத்தில் நிறுத்தி, வாக்கெடுப்பால் பழியை முடித்துவைக்கிறார். கூவாகத்தில் தீர்ப்பு எதுவும் வழங்கப்படுவதில்லை. அடுத்த சித்திரையில் தாலி மீண்டும் கட்டப்படுகிறது, மீண்டும் அறுக்கப்படுகிறது.