நடித்தவர்கள் எழுதியவை

கிரேக்க நடிகை மெலினா மெர்கூரி 1960இல் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருதைப் பெற்றார். 1967இல் இராணுவ ஆட்சி அவரது குடியுரிமையைப் பறித்தது. 1971இல் தன் வாழ்க்கையை நூலாக எழுதினார்; 1981இல் அந்நாட்டின் பண்பாட்டு அமைச்சரானார். அவரது நடிப்பையும் எழுத்தையும் அரசியலையும் பிரித்துப் பேச முடியாது. தமிழில் நடிப்பும் எழுத்தும் ஒருங்கே வாய்த்த பெண்களை நாம் அப்படிப் பேசியதில்லை.

முதற்பெயர் திருவையாற்றில் பிறந்த டி. பி. ராஜலட்சுமி. நாடகமேடையிலிருந்து வந்து, 1931இல் வெளியான முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸ்' படத்தின் நாயகியானார். அவர் 'கமலவல்லி' என்ற நாவலையும் எழுதினார். 1936இல் அதையே 'மிஸ் கமலா' என்று தாமே இயக்கி, தயாரித்து, நடித்தார். தென்னிந்தியாவின் முதற்பெண் இயக்குநர் அவரே. பிறர் கதையில் நடித்துவந்தவர் தன் கதையைத் தானே சொல்ல முடிந்தது எழுத்தால்தான். ஆயினும் 'முதல் கதாநாயகி' என்ற பட்டத்தோடு அவரைப் பற்றிய பேச்சு பெரும்பாலும் முடிந்துவிடுகிறது.

நடிகை பானுமதிக்கு நிலைமை வேறு. 'அத்தகாரி கதலு' என்னும் நகைச்சுவைக் கதைகளால் தெலுங்கு இலக்கியத்தில் தனியிடம் பெற்றார். 1953இல் 'சண்டிராணி'யை மூன்று மொழிகளில் இயக்கினார். தெலுங்கு வாசகர் அவரை எழுத்தாளராகவும் ஏற்றனர். தமிழ் ரசிகருக்கு அவர் இன்றும் நடிகை, பாடகி.

இலங்கையில் தமிழ்ச் சினிமா தொழிலாக வேரூன்றவில்லை. 1962இல் 'சமுதாயம்' தொடங்கி 1983 வரை வந்த தமிழ்ப் படங்கள் முப்பதை எட்டவில்லை. நடிப்பை நம்பி வாழ வழியில்லாத இடத்தில் வானொலியும் மேடையும் இலக்கியமுமே நடிகரைத் தந்தன. தர்மசேன பத்திராஜ இயக்கிய 'பொன்மணி' (1977) இதற்கு நல்ல சான்று. யாழ்ப்பாணத்துச் சாதிக் கொடுமையைப் பேசிய அப்படத்தின் கதையைக் காவலூர் இராசதுரை எழுதினார். அதில் நடித்த கமலா தம்பிராஜா, வீரகேசரி வெளியீடாக வந்த 'நான் ஓர் அநாதை' நாவலின் ஆசிரியர். வானொலியிலும் ரூபவாஹினித் தொலைக்காட்சியிலும் அவர் குரல் பலருக்குப் பழக்கம். பின்னர் கனடாவில் வாழ்ந்து 2018இல் மறைந்தார். செய்தி வாசித்தவராக அவரை நினைப்போர் பலர்; நாவலாசிரியராக அறிந்தோர் சிலரே.

தமிழில் இம்மூவருக்கும் ஒரே குறை நேர்ந்திருக்கிறது. சினிமா வரலாறு எழுதுவோர் அவர்களின் நூல்களைப் படிப்பதில்லை. இலக்கிய வரலாறு எழுதுவோர் நடிகையை எழுத்தாளராக எண்ணுவதில்லை. இரண்டுக்கும் நடுவே அவர்களின் உழைப்பில் பாதி விடுபட்டுப் போகிறது.

இது சென்னைக்கும் கொழும்புக்கும் மட்டும் உரிய கவலையன்று. இலங்கையில் கொட்டியாரக் குடாவின் தென்கரைப் பக்கம் இருக்கும் தோப்பூரிலும் பாடசாலைப் பிள்ளைகள் தமிழ்மொழித்தினப் போட்டிகளுக்குக் கட்டுரை எழுதுகிறார்கள், நாடகம் பழகுகிறார்கள். ஒரே மாணவி இரண்டிலும் சிறந்து விளங்கினால், இரண்டையும் வாழ்நாள் முழுவதும் தொடரலாம் என்று அவளுக்குக் காட்ட முன்னோடிகள் வேண்டும். முன்னோடிகள் இருக்கிறார்கள், நூல்கள்தாம் கைக்கு எட்டவில்லை. 'கமலவல்லி'யும் 'நான் ஓர் அநாதை'யும் மறுபதிப்பாக வரவேண்டும். நாடகமும் அரங்கியலும் கற்பிக்கும் ஆசிரியர்கள் அவற்றை வகுப்பறைக்குக் கொண்டுசெல்ல வேண்டும்.