தம்மையே நடித்தவர்கள்

‘கூழாங்கல்’ படத்தை ஆதம்பாக்கத்தில் எங்கள் வீட்டுத் தொலைக்காட்சியில்தான் பார்த்தேன். 2021இல் ராட்டர்டாம் திரைப்பட விழாவின் டைகர் விருதை வென்ற முதல் தமிழ்ப் படம் அது. ஆனாலும் திரையரங்குக்கு வராமல் 2023 அக்டோபரில் நேரே ஓடிடிக்குப் போய்விட்டது. படத்தின் முடிவில் பெண்கள் ஒரு குழியைச் சுற்றி உட்கார்ந்து, ஊற ஊறத் தண்ணீரை மொண்டு குடத்தில் ஊற்றுகிறார்கள். வெகுநேரம் அவ்வளவுதான். 2019 கோடையில் எங்கள் தெருவில் தண்ணீர் லாரிக்குக் குடத்தோடு காத்து நின்ற யாருக்கும் அது நடிப்பாகத் தெரியாது.

இயக்குநர் பி. எஸ். வினோத்ராஜ் மேலூர்ப் பக்கத்துக்காரர். புகுந்த வீட்டிலிருந்து விரட்டப்பட்ட அவருடைய உடன்பிறந்தவள் கைக்குழந்தையோடு நடந்தே ஊர் திரும்பியிருக்கிறாள். படத்துக்கு விதை அந்த நடை. ஆனால் படத்தில் அவள் நடக்கவில்லை; குடிகாரக் கணவன் நடக்கிறான், கொதிக்கும் பொட்டலில், மகனோடு. அவளை நடக்கவிட்டவனை நடக்கவைக்க ஆவணப்படத்தால் முடியாது. புனைவு அவசியமாவது அந்த இடத்தில்தான்.

ஆவணத்தையும் புனைவையும் கலப்பதைத் தமிழில் துணிந்து செய்த முன்னோடிப் படம் லீனா மணிமேகலையின் ‘செங்கடல்’. தனுஷ்கோடி மீனவர்களும் ஈழ அகதிகளும் தங்கள் பாடுகளைத் தாங்களே நடித்தார்கள். இயக்குநரும் ஆவணப்படம் எடுக்க வந்தவராக உள்ளே வருகிறார். அவர் முன்னால் நிற்கும் காட்சிகளைவிட மீனவர்கள் பேசும் காட்சிகளே எனக்குப் பெரிதாகப் படுகின்றன. 2011இல் தணிக்கை வாரியம் சான்றிதழ் மறுத்தது. மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் அனுமதி தந்தது. அந்தத் தீர்ப்பாயத்தையே 2021இல் கலைத்துவிட்டார்கள். இன்று இப்படியொரு படத்துக்குத் தடை வந்தால் உயர் நீதிமன்றம்தான் போக வேண்டும். கடன் வாங்கிப் படம் எடுப்பவருக்கு அது எளிய வழியா?

அம்ஷன் குமாரின் ‘மனுசங்கடா’வும் (2017) உண்மைச் சம்பவத்திலிருந்து பிறந்ததே: பொதுப்பாதையில் தலித் பிணத்தைக் கொண்டுபோக நீதிமன்ற உத்தரவு இருந்தும் வழி மறிக்கப்பட்ட கதை.

ஊர்க்காரர்களைக் காமிரா முன் நிறுத்திவிட்டாலே உண்மை வந்துவிடாது. அவர்கள் கைக்குப் பழகிய வேலையைச் செய்யவிடும் பொறுமை வேண்டும். மணிகண்டனின் ‘கடைசி விவசாயி’யில் அந்தப் பொறுமை இருக்கிறது. மாயாண்டியாக வரும் நல்லாண்டி நிஜ விவசாயி. கதையில் மாயாண்டிமீது மயில்களைக் கொன்றதாகப் பொய் வழக்கு. சிறையில் இருந்தாலும் அவர் கவலையெல்லாம் வாடும் பயிரைப் பற்றித்தான். எந்தத் தேர்ந்த நடிகரிடமும் அந்த முகத்தை நான் கண்டதில்லை.

படம் 2022 பிப்ரவரியில் வெளியானது. 2023இல் தேசிய விருதுக் குழு நல்லாண்டியின் பெயரைச் சிறப்புக் குறிப்பில் சேர்த்தது. படம் திரைக்கு வருமுன்பே அவர் இறந்துவிட்டிருந்தார்.