அரசன் ஒளிந்திருக்கும் அறை

1908 நவம்பர் 17 அன்று பாரிஸில் திரையிடப்பட்ட 'கீஸ் பிரபுவின் கொலை' என்ற மௌனப்படத்தின் மீது நெடுங்காலமாக ஒரே தீர்ப்புதான்: படமாக்கப்பட்ட நாடகம். படத்தைப் பார்க்காமலே சொல்லிவிடக்கூடிய தீர்ப்பு. ஆதாரங்களுக்கும் குறைவில்லை. இயக்கியவர்கள் கால்மெத், லெ பார்ஜி, இருவரும் மேடைக்காரர்கள். முக்கிய நடிகர்கள் கொமெதி பிரான்சேஸிலிருந்து வந்தவர்கள். எழுதியவர் பிரெஞ்சு அகாதெமி உறுப்பினர் லாவெதான். இசை சேன்-சான்ஸ். சந்தைக் கொட்டகையிலிருந்து சினிமாவைக் கனவான்களின் கூடத்துக்கு ஏற்றிவிடும் ஆசை இதன் பின்னால் இருந்தது. தீட்டிய சுவர்கள் தீட்டியவையாகவே தெரிகின்றன. இவற்றை மறுக்கவில்லை.

ஆனால் அந்த நடையை என்ன செய்வது?

1588 மே மாதம் பாரிஸ் மக்கள் கீஸ் பக்கம் நின்று தெருக்களை அடைத்தார்கள். மூன்றாம் ஹென்றி நகரைவிட்டு ஓடினான். அவனுக்குப் பிள்ளை இல்லை. வாரிசான நவார் ஹென்றியோ புராட்டஸ்டண்ட். கத்தோலிக்கர் பலரின் பார்வை கீஸ் மீது. டிசம்பர் 23 காலை, புளுவா அரண்மனையில், மன்னன் அழைப்பதாகச் சொல்கிறார்கள். கீஸ் ஆலோசனைக் கூடத்திலிருந்து எழுந்து படுக்கையறைக்குள் போகிறான். அதைக் கடந்து உள்ளறைக்கு. அங்கும் ஆட்கள். திரும்பினால் பின்னாலும் ஆட்கள்.

காமிரா அசைவதில்லை. ஒவ்வொரு அறையும் ஒரு சட்டகம். மேடையில் ஓர் அறை போய் மற்றோர் அறை வரத் திரை விழ வேண்டும். கொலைகாரர்களும் காத்திருக்க வேண்டும். இங்கே ஒரு கதவைத் தாண்டியதுமே அடுத்த அறை. அந்த அரண்மனை எந்தச் சட்டகத்திலும் முழுதாக இல்லை. பார்ப்பவன் மனத்தில்தான் கட்டப்படுகிறது. நாடகத்தால் முடியாதது இது.

மன்னனாக நடிக்கும் லெ பார்ஜி குரலை இழந்ததும் கைகளை வீசவில்லை; சின்ன அசைவுகளுக்குள் சுருங்குகிறார். கொலை முடிந்தபின் மறைவிலிருந்து வெளிவரும் அந்த மனிதனிடம் வெற்றி இல்லை, நிம்மதிகூட இல்லை. அரியணைக்குப் போட்டியிட்டவன் நிமிர்ந்து நடந்தான். அரியணைக்கு உரியவன் ஒளிந்திருந்தான். எட்டு மாதங்கழித்து, 1589 ஆகஸ்டில், ஒரு துறவியின் கத்திக்கு ஹென்றியும் இரையானான். படம் அதைச் சொல்லவில்லை. ஒளிந்திருந்தவனைக் காட்டியபோதே சொல்லியாகிவிட்டது.

'நாடகத்தனம்' நமக்கும் கைவசமுள்ள வசைதான். கால்மணி நேரத்துக்குச் சற்று அதிகமாக ஓடும் இப்படத்தைப் பார்த்தபின், அதைக் கொஞ்சம் யோசித்துப் பயன்படுத்தலாம்.