வால்டர் எலியட்: பதவி விலகாத மருத்துவர்

பிரிட்டனின் பிரதமராக வந்திருக்க வேண்டியவர் என்று வால்டர் எலியட்டைச் சொல்வோர் உண்டு. 1888இல் ஸ்காட்லாந்தின் லானார்க்கில் கால்நடை ஏலக்காரர் ஒருவரின் மகனாகப் பிறந்து, கிளாஸ்கோ பல்கலைக்கழகத்தில் அறிவியலும் மருத்துவமும் படித்தவர். முதல் உலகப் போரில் ராயல் ஸ்காட்ஸ் கிரேஸ் குதிரைப்படையின் மருத்துவ அதிகாரியாக இருந்து, மிலிட்டரி கிராஸ் விருதை இருமுறை பெற்றார். 1918இல் தேர்தலில் நிற்க அழைத்தபோது, எந்தக் கட்சிக்கு என்று அவர் திருப்பிக் கேட்டதாக ஒரு கதை உலவுகிறது. கேலிக்காகச் சொல்லப்படும் கதைதான். ஆனாலும் ஆள் அதில் அகப்பட்டுவிடுகிறார்.

அவருடைய பெரிய சாதனை பால். ஊட்டச்சத்து ஆய்வாளர் ஜான் பாய்ட் ஆர் தலைமையேற்ற அபர்டீன் ரோவெட் ஆய்வு நிலையத்தில் கால்நடை ஊட்டத்தை ஆராய்ந்த அனுபவம் அவருக்கு இருந்தது. ஸ்காட்லாந்துத் துறையின் துணை அமைச்சரானதும், பள்ளிப் பிள்ளைகளுக்குப் பால் கொடுத்து வளர்ச்சியை அளக்கும் ஆரின் சோதனைகளுக்கு அரசுப் பணம் கிடைக்கச் செய்தார். 1932இல் வேளாண் அமைச்சர். 1933இல் பால் விற்பனை வாரியம் வந்தது. 1934இல் பள்ளிகளில் மூன்றிலொரு பைண்ட் பால் அரைப் பென்னிக்குக் கிடைத்தது. ஆய்வு முடிவு ஒன்று இவ்வளவு விரைவாகக் குழந்தையின் கைக்குப் போய்ச் சேர்வது அபூர்வம்.

ஆனால் அந்த வாரியம் முதலில் காப்பாற்றியது பண்ணையாரை. குடிக்கும் பாலுக்கு உயர்ந்த விலை; மிஞ்சியது வெண்ணெய், பாலாடைக்கட்டித் தொழிற்சாலைகளுக்கு மலிவாகப் போனது. பால் மிகவும் தேவைப்பட்ட ஏழைத் தாய் தொழிற்சாலையைவிடக் கூடுதல் விலை கொடுத்தாள். நாட்டில் பாதிப் பேருக்கு முழு ஆரோக்கியத்துக்கான உணவில்லை என்று ஆர் தம் நூலில் எழுதிய 1936இல், வேளாண் அமைச்சர் எலியட்தான். பள்ளிப் பால் அந்த முரணைத் தணித்தது, தீர்க்கவில்லை. இருந்தும், விவசாயி ஓட்டை நம்பிய கன்சர்வேட்டிவ் கட்சிக்குள் நின்று இதையாவது வாங்கித் தந்தவர் வேறு யாருமில்லை.

செக்கோஸ்லோவாக்கியாவின் ஒரு பகுதியை ஹிட்லருக்கு விட்டுக்கொடுத்த 1938 மியூனிக் ஒப்பந்தத்தின்போது அவர் சுகாதார அமைச்சர். ஒப்பந்தம் அவருக்கு உவப்பாக இல்லை. நெருங்கிய தோழி பிளாஞ்ச் டக்டேலின் நாட்குறிப்புகளில் அந்தத் தடுமாற்றம் பதிவாகியிருக்கிறது. கடற்படை அமைச்சர் டஃப் கூப்பர் எதிர்ப்புத் தெரிவித்துப் பதவியைத் துறந்தார். எலியட் இருந்துவிட்டார்.

இருந்ததால்தானே 1939இல் நகரக் குழந்தைகளை வெளியேற்றும் பணியும், பின்னாளைய தேசிய சுகாதாரச் சேவைக்கு முன்மாதிரியான அவசர மருத்துவமனை ஏற்பாடும் நடந்தன என்பார்கள். எனக்கு இது ஏற்புடையதல்ல. அவை குழுக்களும் அதிகாரிகளும் சேர்ந்து செய்தவை; வேறொரு அமைச்சரும் நடத்தியிருப்பார். அவருடைய ராஜினாமாவை அவர் மட்டுமே கொடுத்திருக்க முடியும். குண்டு விழும் களத்தில் துணிந்தவர் அமைச்சரவை மேசையில் தயங்கினார். 1940இல் சர்ச்சில் அவரை விலக்கியதில் அநியாயம் பெரிதாக இல்லை.

கண்முன் ஆபத்து நின்றால் அவர் தயங்கமாட்டார் என்பதும் உண்மை. 1941 மே மாதம் குண்டுவீச்சில் நாடாளுமன்றம் எரிந்த இரவு, மக்களவை அரங்கை விட்டுவிட்டு பழமைவாய்ந்த வெஸ்ட்மின்ஸ்டர் ஹாலைக் காக்கும்படி தீயணைப்பாளர்களைத் திருப்பியவர் அவர். சான்று தெளிவாக இருந்த இடத்தில் முதல்தரமானவர். சான்றோடு தன் நாற்காலியையும் பணயம் வைக்கவேண்டிய இடத்தில் இரண்டாந்தரம். பிரதமர் பதவிக்கு அப்படிப் பணயம் வைக்கும் துணிவே தேவை.

1945இல் கிளாஸ்கோவின் கெல்வின்குரோவ் தொகுதியில் 88 வாக்கு வித்தியாசத்தில் தோற்றார். அடுத்த ஆண்டு தொழிற்கட்சி அரசு பள்ளிப் பாலுக்கு அந்த அரைப் பென்னியும் வேண்டாம் என்றது.