வாத்தியாரை வளர்த்த கொட்டகைகள்

ஆடித்தபசு மலருக்காக நாடகம் பற்றி எழுதச் சொன்னார்கள். நம் பக்கத்தில் நாடகம் என்றாலே ராஜபார்ட்டின் குரலையும் பபூனின் வாயையும்தான் பேசுவோம். எழுதியவர் எங்கே, எப்படி உருவானார் என்று கேட்பவர் குறைவு.

சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) நம் பழைய திருநெல்வேலிச் சீமைக்காரர். ஊர் தூத்துக்குடிப் பக்கத்துக் காட்டுநாயக்கன்பட்டி. பழனி தண்டபாணி சுவாமிகளிடம் தமிழ் படித்துவிட்டு நாடகக் கம்பெனிக்குப் போனார். 1918இல் மதுரையில் தொடங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையில் அவர்தான் வாத்தியார். எழுதுவதும் பையன்களுக்குப் பாடம் சொல்வதும் அங்கே ஒரே வேலை. நான்கு மணி நேரம் நடக்கும் ‘அபிமன்யு’ நாடகத்தை ஒரே இரவில் அடித்தல் திருத்தல் இல்லாமல் எழுதி முடித்தார் என்று, அந்த சபையில் வளர்ந்த தி.க. சண்முகம் பதிவு செய்திருக்கிறார். அருள்வாக்கு என்பார்கள். எந்தப் பையனுக்கு எந்தச் சுருதி எட்டும், எவனுக்கு வசனம் நிற்கும் என்று தினமும் பக்கத்திலிருந்து பார்த்தவரின் கை அது என்பேன் நான்.

1891இல் பம்மல் சம்பந்த முதலியார் தொடங்கிய சுகுண விலாச சபை வேறு வழி. படித்த உத்தியோகஸ்தர்களின் கூட்டம்; வயிற்றுப்பாட்டுக்கு மேடையை நம்பவில்லை.

சுவாமிகளிடம் வளர்ந்த அந்தச் சண்முகமும் அவர் சகோதரர்களும் தங்கள் கம்பெனிக்காக நாடகப் போட்டி வைத்து எழுத்தாளர்களை அழைத்தார்கள். அரு. ராமநாதனின் ‘ராஜராஜ சோழன்’ அவர்கள் மேடையில் புகழ்பெற்று, 1973இல் சினிமாவும் ஆனது. பரிசு கொடுப்பவரிடமே கொட்டகையும் நடிகரும் இருந்ததுதான் அந்தப் போட்டியின் பலம். இன்றைய போட்டிகளில் சான்றிதழ் கிடைக்கிறது. பிரதி பீரோவுக்குப் போகிறது. சண்முகம் சகோதரர்களின் கம்பெனியிலிருந்து வந்த எஸ்.வி. சகஸ்ரநாமம் சேவா ஸ்டேஜ் என்ற குழுவைத் தொடங்கி, மணிக்கொடி இதழின் கதைக்காரர் பி.எஸ். ராமையாவை ‘தேரோட்டி மகன்’ எழுத வைத்தார், தி. ஜானகிராமனையும் விடவில்லை.

எழுதுபவரைக் குழுவே வளர்ப்பது வெளிநாட்டிலும் உண்டு. அமெரிக்காவில் யூஜின் ஓநீலின் நாடகம் முதன்முதலாக 1916இல் பிராவின்ஸ்டவுன் குழுவால் மேடையேறியது. அவர் பெயரில் 1964இல் தொடங்கிய மையத்தில், புது ஆசிரியரின் பிரதியை நடிகர்கள் கையில் வைத்துக்கொண்டே வாசித்து நடித்துக் காட்டுவார்கள். மறுநாள் அவர் திருத்தி எழுதுவார். இங்கே அதற்கு நெருக்கமாக வந்தது, 1977இல் ந. முத்துசாமி தொடங்கிய கூத்துப்பட்டறை.

ஸ்பெஷல் நாடகத்தில் மட்டும் இப்படி நடிகரோடு இருந்து எழுதித் திருத்த வழியில்லை. ஒவ்வொரு ஊரிலிருந்தும் தனித்தனியாக வரும் நடிகர்கள் ஒத்திகை இல்லாமல் நேரே மேடையில் சந்திக்கிறார்கள். எல்லாருக்கும் மனப்பாடமான பாடம் சங்கரதாஸ் சுவாமிகளுடையது. வள்ளிக்கும் நாரதருக்கும் விடிய விடியத் தர்க்கம் நடக்கும். அடுத்த பாட்டு என்னவென்று ஆர்மோனியக்காரருக்குத் தெரியும். அங்கே புதுப் பிரதியோடு ஒருவர் போய் நின்றால், வாசித்துப் பார்க்கக்கூட யாருக்கும் நேரமிருக்காது.