முதல் மஜ்னுன்

லைலா மஜ்னு என்றதும் நம்மவர்க்கு 1950இல் வெளிவந்த தமிழ்ப் படமும் டி. ஆர். மகாலிங்கத்தின் கணீரென்ற குரலுமே நினைவில் எழும். அதற்குப் பல ஆண்டுகள் முன்னரே இக்காதற்கதை சிங்கப்பூரில் மலாய் மொழியிற் படமாகிவிட்டது. 1934இல் பீச் ரோட்டிலிருந்த மார்ல்பரோ அரங்கில் திரையிடப்பெற்ற அதனையே மலாய் மொழியின் முதற் பேசும்படம் என்பர். இயக்கியவர் இந்தியரான பி. எஸ். ராஜ்ஹான்ஸ், லைலாவாக நடித்தவர் பாத்திமா ஜஸ்மான். மஜ்னுனாக நடித்த சையது அலி மன்சூர் அல்-அத்தாஸ் பற்றியே இங்குச் சொல்லப் புகுகிறேன்.

அல்-அத்தாஸ் என்பது ஏமன் நாட்டு ஹத்ரமௌத் பகுதியிலிருந்து கீழ்த்திசை போந்த அரபுக் குடியொன்றின் பெயர். அரபுக் கதைத்தலைவனை அரபுக் குடிப்பெயர் தாங்கியவர், மலாய் மொழியில், இந்தியர் இயக்க நடித்தார். சிங்கப்பூரை இதனினும் சுருங்கச் சொல்ல இயலுமோ!

அப்படத்தில் நடித்தோர் பங்சவான் மேடையிலிருந்து வந்தவர்கள். பங்சவான் என்னும் மலாய் இசைநாடகம், 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் பினாங்கு வந்த பார்சி நாடகக் குழுக்களைக் கண்டு பிறந்தது. தமிழ் மேடையும் பார்சி நாடகத்திற்குக் கடன்பட்டதே. ஆகவே நம் பழைய நடிகரும் அவரும் ஒருசாலை மாணாக்கர் எனலாம்.

தொடக்ககாலப் படங்களை 'மேடை நாடகத்தின் நிழற்படம்' என்று தள்ளிவிடும் திறனாய்வாளர் உளர். எனக்கு அஃது உடன்பாடன்று. பங்சவான் நடிகர்க்கு முழுதும் எழுதிய உரையாடல் இல்லை. கதைப்போக்கை மட்டும் அறிந்து, அவையோர் முகம் நோக்கித் தாமே சொல் தொடுப்பர். படக்கருவிக்கு முகக்குறிப்பு ஏது? அதிலும் மஜ்னுன், பாலையில் தனித்துப் பிதற்றும் பாத்திரம். மேடையில் அத்தனிமொழியையும் கேட்க ஓர் அவை இருந்தது. கருவியின் முன்னோ அதுவும் இல்லை. முன்மாதிரி எவரும் இன்றித் தம் மொழியில் அதனை முதலில் எதிர்கொண்டவரைப் பிற்காலப் படங்களின் அளவுகோலால் அளப்பது முறையாகாது. படச்சுருள் இன்று கிடைப்பதில்லை. கண்ணாற் காணாத நடிப்பைப் பழிப்போர் எதைக்கொண்டு பழிக்கின்றனர்?

ராஜ்ஹான்ஸ் 1948இல் 'சிந்தா' படத்தில் பி. ரம்லியை அறிமுகப்படுத்தினார். ஜாலான் அம்பாஸ் படப்பிடிப்பு நிலையம் வளர்ந்தது. ரம்லியின் புகழும் வளர்ந்தது. சையது அலிக்கு எஞ்சியது நடிகர் பட்டியலில் ஒரு வரி. 1931இல் வந்த நம் 'காளிதாஸ்' படத்தில் டி. பி. ராஜலட்சுமியை அறிவோம், உடன் நடித்த நாயகர் பி. ஜி. வெங்கடேசன் பெயரைத் தமிழாசிரியர் நம்மில் எத்தனை பேர் அறிவோம்?