துஞ்சிய வேந்தனும் எரிபுகுந்த அரசியும்

கி.பி. 957 முதல் 973 வரை ஆண்ட சுந்தர சோழன், காஞ்சிபுரத்துப் பொன்மாளிகையில் மறைந்தமையால் 'பொன்மாளிகைத் துஞ்சின தேவர்' எனக் கல்வெட்டுகளில் சுட்டப்பெறுகிறான். மலையமான் குலத்தவளான அரசி வானவன் மாதேவி அவனுடன் எரிபுகுந்தாள். அவள் மறைவைத் திருக்கோவலூர் வீரட்டானேசுவரர் கோயில் கல்வெட்டும், 1905இல் கண்டெடுக்கப்பட்ட திருவாலங்காட்டுச் செப்பேடும் பதிவுசெய்கின்றன.

வேந்தனின் இறப்பைத் 'துஞ்சுதல்' என்னும் மங்கல வழக்கு உறக்கமாக்குகிறது. அங்கு ஊழே வினைமுதல். அரசியின் இறப்போ அவளே மேற்கொண்ட செயலாகப் போற்றப்படுகிறது. செப்பேடு கணவனைப் பிரியாமையைப் புகழ்கிறது. திருக்கோவலூர்க் கல்வெட்டுப் பாடல், பால்குடி மறவாக் குழவியை அவள் பிரிந்ததையும் உடன் உரைக்கிறது. கற்பின் பெருமையை மிகுவிக்கச் சேர்த்த அச்செய்தியே அப்பெருமைக்குக் கொடுத்த விலையையும் காட்டிவிடுகிறது. இரண்டிலும் அரசியின் கூற்று இல்லை. அவள் விருப்பம் என்பது பாடியோர் கூற்றே.

மகள் குந்தவை, தஞ்சைப் பெரிய கோயிலில் தந்தைக்கும் தாய்க்கும் செப்புத் திருமேனிகள் எடுப்பித்தாள். அதனைக் கூறும் கல்வெட்டு எரியைப் பேசவில்லை. மாதேவியைத் தாயாகவே சுட்டுகிறது. புலவர்க்குக் கற்பின் சான்றானவள் மகளுக்கு இழந்த தாய். இவ்விரு நினைவுகளையும் ஒன்றாக்கி வாசித்தால், புகழ்மொழியே வரலாறாகிவிடும்.